கிளிமீன் ஒரு தனிக் குடும்பமா?

பழைய மீன் கையேடு எதைத் திறந்தாலும் ராஸ் மீன்களுக்கு ஓர் அத்தியாயம், கிளிமீன்களுக்கு அடுத்த அத்தியாயம் என்று இருக்கும். ராஸ்கள் லாப்ரிடே குடும்பம், கிளிமீன்கள் ஸ்காரிடே குடும்பம். அடுத்தடுத்த வீடுதான், ஆனாலும் நடுவில் சுவர் உண்டு. கடந்த இருபது ஆண்டுகளில் வந்த ஆய்வுக் கட்டுரைகளில் பெரும்பாலும் அந்தச் சுவர் இல்லை. கிளிமீன் என்பதே ஒருவகை ராஸ்தான் என்று சர்வசாதாரணமாகச் சொல்லிவிட்டு அடுத்த வேலைக்குப் போய்விடுகிறார்கள்.

நான் மீனியல் படித்தவன் அல்ல. மென்பொருள் எழுதிப் பிழைப்பவன். ஆனால் வகைப்பாடு என்பது எங்கள் தொழிலிலும் தினசரித் தலைவலி. எதை எதன் கீழே வைப்பது, எது உண்மையான உறவு, எது வெறும் ஒற்றுமை என்று சண்டை போடாத வாரம் கிடையாது. அதனால்தான் சில மாதங்களாக ராத்திரி வேலை முடிந்ததும் இந்த மீன்களின் கதையை வாசித்துக்கொண்டிருக்கிறேன். இந்தக் கதையில் தோற்றம் விஞ்ஞானிகளை இரண்டு முறை ஏமாற்றியிருக்கிறது, அதுவும் எதிரெதிர்த் திசைகளில். ஒருமுறை வேற்றுமையைக் காட்டிச் சொந்தக்காரனைப் பிரித்துவைத்தது. இன்னொருமுறை ஒற்றுமையைக் காட்டி அந்நியனை உள்ளே சேர்த்தது. இரண்டு தடவையும் வழக்கின் மையத்தில் இருந்தது ஒரே உறுப்பு: தொண்டைக்குள் இருக்கும் இரண்டாவது தாடை.

யார் இந்த ராஸ்கள்?

ராஸ் என்ற ஆங்கிலப் பெயர், கிழவியைக் குறிக்கும் ஒரு கார்ன்வால் சொல்லிலிருந்து வந்தது என்கிறார்கள். லாப்ரிடே என்ற பெயரில் இருப்பது லத்தீன் லாப்ரம், அதாவது உதடு. ஜெர்மன்காரர்கள் நேரடியாகவே 'உதட்டு மீன்' என்று கூப்பிடுகிறார்கள். தடித்த, முன்னே துருத்திய உதடுதான் காரணம்.

கிளிமீன்களையும் சேர்த்தால் அறுநூறுக்கு மேற்பட்ட இனங்கள். கடல் மீன் குடும்பங்களில் இதுவும் மிகப் பெரியவற்றில் ஒன்று. ஆனால் உறுப்பினர்களைப் பார்த்தால் ஒரே குடும்பம் என்று நம்பவே முடியாது. பெரிய மீன்களின் வாய்க்குள்ளேயே புகுந்து ஒட்டுண்ணிகளைத் தின்னும் விரல் நீள 'துப்புரவு ராஸ்' ஒருபக்கம். 2 மீட்டர் வரை வளரும், நெற்றி புடைத்த நெப்போலியன் ராஸ் இன்னொருபக்கம். தலை நீளத்தில் சுமார் 65 சதவீதத் தூரத்துக்கு வாயைக் குழாய் மாதிரி முன்னே நீட்டி இரையை உறிஞ்சும் எபிபுலஸ் என்ற கவண்வாய் ராஸ் வேறு.

கிளிமீன்கள் சுமார் நூறு இனங்கள், பத்துப் பேரினங்கள். முன்பற்கள் ஒன்றோடொன்று இணைந்து கிளியின் அலகு மாதிரி ஆகிவிட்டதால் அந்தப் பெயர். மன்னார் வளைகுடாவின் பவளப்பாறைகளிலும் உண்டு. ஆனால் ஒரு எச்சரிக்கை: கேரளத்துச் சந்தையில் போய் 'கிளிமீன்' கேட்டால் நெமிப்டெரஸ் என்ற, இதோடு சம்பந்தமே இல்லாத இளஞ்சிவப்பு மீனைத்தான் எடை போட்டுக் கொடுப்பார்கள். ஊர்ப்பெயரை நம்பி உறவு சொல்ல முடியாது. சரி, அறிவியல் பெயரை நம்பலாமா? அங்கேதான் முதல் சிக்கல்.

ஒரு மீன், இரண்டு பெயர்

வட ஐரோப்பியக் கடல்களில் லாப்ரஸ் மிக்ஸ்டஸ் என்று ஒரு ராஸ் இருக்கிறது. ஆணுக்கு நீலமும் ஆரஞ்சும். பெண் இளஞ்சிவப்பு, முதுகின் பின்பகுதியில் கறுப்புத் திட்டுகள். இரண்டையும் பக்கத்தில் வைத்தால் ஒரே இனம் என்று யாரும் சொல்லமாட்டார்கள். நவீன வகைப்பாட்டின் தந்தை லின்னேயஸே சொல்லவில்லை. 1758இல் வெளிவந்த அவருடைய அதே நூலில் லாப்ரஸ் மிக்ஸ்டஸ் என்று ஒரு பெயர், லாப்ரஸ் பைமாக்குலேட்டஸ் என்று இன்னொரு பெயர். இரண்டும் ஒரே மீன்.

கரீபியக் கடலின் ஸ்பாரிசோமா விரிடி என்ற கிளிமீனும் அப்படித்தான். பச்சை நிறத்தில் இருப்பதற்கு 1788இல் ஒரு பெயர் வந்தது. சிவப்பு வயிறோடு திரிவதற்கு 1791இல் ஸ்பாரிசோமா அபில்ட்கார்டி என்று இன்னொரு பெயர். சிவப்புக் கிளிமீன், பச்சைக் கிளிமீன் என்று இரண்டு இனமாகவே நூறாண்டுக்கு மேல் புத்தகங்களில் வாழ்ந்தன. 1950களில்தான் சிவப்பு, பச்சையின் பெண் என்பது உறுதிப்பட்டது.

இது வெறும் ஆண், பெண் நிற வேறுபாடு அல்ல. ராஸ்களிலும் கிளிமீன்களிலும் மிகப் பல இனங்கள் வாழ்க்கையின் நடுவில் பால் மாறுபவை. பெண்ணாக முட்டையிட்டு வாழ்ந்து, உடல் பெருத்து, வாய்ப்பு வரும்போது ஆணாக மாறும். மாறும்போது நிறமும் அடியோடு மாறும். இதனால் 'ஆண் நிறம்', 'பெண் நிறம்' என்று சொல்லாமல் 'தொடக்கக் கட்டம்', 'இறுதிக் கட்டம்' என்று சொல்கிறார்கள். சில இனங்களில் பிறவியிலேயே ஆணாக இருந்துகொண்டு, பெண்களின் நிறத்தில் ஒளிந்து திரியும் சின்ன ஆண்களும் உண்டு. குஞ்சுக்கு மூன்றாவதாக ஒரு நிறம். லெப்டோஸ்காரஸ் என்ற கிளிமீன் மட்டும் விதிவிலக்கு. அது பால் மாறுவதில்லை, பிறந்தபடியே வாழ்ந்து முடிக்கிறது.

எங்கள் தொழில் பாஷையில் சொன்னால், மாறிக்கொண்டே இருக்கும் ஒரு கட்டத்தை பிரைமரி கீயாக வைத்து டேபிள் கட்டியிருக்கிறார்கள். டூப்ளிகேட் பதிவுகள் குவியாமல் என்ன செய்யும்? உண்மையில் இருக்கும் கிளிமீன் இனங்களைவிடப் பல மடங்கு பெயர்கள் ஏடுகளில் சேர்ந்தன. ஜாரில் ஊறிய மீனுக்கு நிறமும் போய்விடும். பெயரைத் தூக்கிப்போட வேண்டுமென்றால் மூலமாதிரியைத் தேடிப்போய்ப் பல், செதில், துடுப்பு முள் என்று எண்ணித்தான் ஆகவேண்டும். 1958இல் லியனார்ட் ஷுல்ட்ஸ் கிளிமீன்களுக்கு ஒரு பெரிய மறுஆய்வு எழுதினார். ஹவாயில் இருந்த ஜான் ராண்டால் தண்ணீருக்குள் இறங்கி உயிரோடு இருக்கும்போதே நிறத்தைப் பதிவுசெய்து இந்தச் சிக்குகளைப் பல பத்தாண்டுகள் பிரித்துக்கொண்டே இருந்தார். 2020இல் இறக்கும்வரை அவருக்கு இதுதான் வேலை.

இனங்களைப் பிரித்தாகிவிட்டது. அடுத்தது பெரிய கேள்வி. இவையெல்லாம் ஒன்றுக்கொன்று என்ன உறவு?

தொண்டைக்குள் இன்னொரு வாய்

மீன்களுக்குச் செவுள்களைத் தாங்கும் எலும்பு வளைவுகள் உண்டு. பெரும்பாலான மீன்களில் கடைசி வளைவில் சில பற்கள் முளைத்து, இரையைத் தொண்டைக்குள் தள்ள உதவும். அது ஒரு சாதாரண ஏற்பாடு. ராஸ்களில் இந்த ஏற்பாடு முழு இயந்திரமாகிவிட்டது.

மூன்று மாற்றங்கள். ஒன்று, இடமும் வலமும் தனித்தனியாக இருந்த கீழ் எலும்புகள் ஒன்றாகி ஒரே கீழ்த்தாடை ஆகிவிட்டன. இரண்டு, மேல் எலும்புகள் மண்டையோட்டின் அடிப்பகுதியோடு நேரடி மூட்டு அமைத்துக்கொண்டன. அடி வாங்கும்போது தாங்க ஒரு பட்டறைக்கல் கிடைத்த மாதிரி. மூன்று, மண்டையோட்டிலிருந்து ஊஞ்சல் கயிறு போலத் தசை இறங்கி கீழ்த்தாடையை நேரே மேலே இழுக்கிறது. விளைவு: முன்வாய் பிடிக்க மட்டும் செய்தால் போதும், உடைப்பதும் அரைப்பதும் உள்ளே நடக்கும். நத்தை ஓட்டை நொறுக்கும் ராஸ்கள் அதை உதட்டால் செய்வதில்லை, தொண்டையால் செய்கின்றன.

இன்னொரு முக்கியமான விஷயம், இந்த மீன்களுக்கு இரைப்பை கிடையாது. தொண்டை தாண்டினால் நேரே குடல்தான். அதனால் அரைக்கிற வேலையெல்லாம் தொண்டையிலேயே முடிந்தாக வேண்டும்.

கிளிமீனில் இந்த இயந்திரம் உச்சத்தைத் தொடுகிறது. மேல்தாடையில் வரிவரியாகப் பற்கள் பதித்த குவிந்த முகம், கீழ்த்தாடையில் அதற்கேற்ற குழிந்த தொட்டி. மேலது கீழதன்மீது முன்னும் பின்னும் உருளும். கிட்டத்தட்ட அம்மி, குழவி. அலகால் சுரண்டிய சுண்ணாம்புப் பாறை உள்ளே போய்ப் பொடியாகி, பின்னால் வெண்மணலாக வெளியே வருகிறது.

இந்த அரைப்பை முதலில் கவனித்து எழுதியவர் அரிஸ்டாட்டில். மத்தியதரைக் கடலில் 'ஸ்காரோஸ்' என்ற மீன் மட்டும் மாடு மாதிரி அசைபோடுவதாகத் தோன்றுகிறது என்றார். அசை போடவில்லை, தொண்டை அம்மி ஓடிக்கொண்டிருந்தது. அந்த ஸ்காரோஸ்தான் பின்னாளில் ஸ்காரஸ் என்ற பேரினப் பெயருக்கும், அதிலிருந்து ஸ்காரிடே குடும்பப் பெயருக்கும் மூலம். அந்தப் பேரினத்துக்குப் பெயர் தந்தவர் லின்னேயஸின் மாணவர் பீட்டர் ஃபோர்ஸ்கோல். செங்கடலில் மீன் சேகரிக்கப் போய் 1763இல் ஏமனில் இறந்தார். அவருடைய குறிப்புகள் 1775இல்தான் நூலாகின.

ஒரு வேடிக்கை. அரிஸ்டாட்டில் பார்த்ததாகக் கருதப்படும் மத்தியதரைக் கிளிமீனுக்கு லின்னேயஸ் 1758இல் வைத்த பெயர் லாப்ரஸ் கிரெடென்சிஸ். அதாவது ராஸ் கூட்டத்தில்தான் வைத்தார். உறவு கண்டுபிடித்து வைத்ததாக அவருக்குப் பெருமை கொடுத்துவிட முடியாது. அந்தக் காலத்தில் லாப்ரஸ் என்பது எங்கே வைப்பது என்று தெரியாத பலவற்றைப் போட்டுவைத்த டப்பா. அதன்பின் வந்தவர்கள் கவனமாகப் பார்த்தார்கள். அலகு, அம்மி, பாறை தின்னும் பழக்கம் மூன்றும் எந்த ராஸிலும் இல்லை என்று கண்டார்கள். தனிக் குடும்பம் என்று பிரித்தார்கள். பார்த்ததற்கு நேர்மையான முடிவுதான்.

பங்காளிக் கணக்கு

அந்த முடிவில் என்ன தவறு என்று புரிய மீனை விட்டுவிட்டு நம்ம வீட்டுக்கு வருவோம்.

ஒரு தாத்தாவுக்கு மூன்று மகன்கள். மூத்தவர் வகையறா ஊரிலேயே விவசாயம். இரண்டாமவர் வகையறாவும் விவசாயம்தான், அதில் ஒரே ஒரு பேரன் மட்டும் வெளிநாடு போய் ஆளே அடையாளம் தெரியாமல் மாறிவிட்டான். மூன்றாமவர் வகையறாவும் ஊரில்தான். இப்போது 'தாத்தாவின் வம்சம்' என்று ஒரு பட்டியல் போட்டு, வெளிநாட்டுப் பேரனையும் அவன் பிள்ளைகளையும் மட்டும் நீக்கிவிட்டால் அது என்ன பட்டியல்? உடை ஒரே மாதிரி இருப்பவர்களின் பட்டியலாக இருக்கலாம். வம்சப் பட்டியல் அல்ல. ஏனென்றால் அந்தப் பேரன், இரண்டாமவரின் மற்றப் பேரன்களுக்கு, மூத்தவரின் பேரன்களைவிட நெருங்கிய ரத்தம். உள்ளே இருப்பவர்கள் ஒருவருக்கொருவர் இருப்பதைவிட, வெளியே தள்ளப்பட்டவன் உள்ளே இருக்கும் சிலருக்கு நெருக்கம்.

கிளிமீன் அந்தப் பேரன். 2005இல் மார்க் வெஸ்ட்னீட்டும் மைக்கேல் அல்ஃபாரோவும் ராஸ் குடும்பத்தின் டிஎன்ஏ வம்ச மரத்தை வெளியிட்டார்கள். நான்கு மரபணுப் பகுதிகள்: இரண்டு மைட்டோகாண்ட்ரியாவிலிருந்து, இரண்டு உட்கருவிலிருந்து. அந்த மரத்தில் கிளிமீன்கள் பக்கத்து மரமாக நிற்கவில்லை. ராஸ் மரத்துக்குள்ளேயே ஒரு கிளையாக, சேலினஸ் வகையறாவுக்கு அருகில் முளைத்திருந்தன. சேலினஸ் வகையறா என்றால் யார்? நெப்போலியன் ராஸும், வாயைக் குழாயாக நீட்டும் எபிபுலஸும்தான்.

இதை ஒரு நிமிடம் நின்று யோசித்துப் பாருங்கள். மீன்களிலேயே மிக நீளமாக நீளும் வாய்களில் ஒன்றும், பாறையை உடைக்கும் இறுகிய அலகும் நெருங்கிய பங்காளிகள். நெப்போலியன் ராஸுக்குத் துப்புரவு ராஸைவிடக் கிளிமீன் நெருக்கம். ராஸ் என்ற பெயர் இரண்டுக்கும் இருக்கிறது, உறவு வேறு பக்கம் ஓடுகிறது.

ஆஸ்திரேலிய, நியூசிலாந்துக் கடல்களில் பாசி மேயும் ஒடாசிடே என்று இன்னொரு சின்னக் 'குடும்பம்' இருந்தது. அவற்றுக்கும் பற்கள் இணைந்து அலகு உண்டு. அலகை வைத்து அவற்றைக் கிளிமீன்களுக்குச் சொந்தமாக்கலாம் என்று தோன்றும். டிஎன்ஏ மரத்தில் அவையும் ராஸ்களுக்குள்தான் வந்தன, ஆனால் வேறொரு கிளையில். ஆக ஒரே குடும்பத்துக்குள் அலகு இரண்டு முறை தனித்தனியாக உருவாகியிருக்கிறது.

ஒற்றுமை ஏமாற்றிய கதை

இப்போது எதிர்த்திசை. நம்ம ஏரி, குளம் எல்லாவற்றிலும் இருக்கும் ஜிலேபிக் கெண்டையை எடுத்துக்கொள்ளுங்கள். அது சிக்லிட் என்ற நன்னீர்க் குடும்பம். அதன் தொண்டையைத் திறந்து பார்த்தால் அங்கேயும் அதே இயந்திரம்! ஒன்றாகிவிட்ட கீழ்த்தாடை, மண்டையோட்டு மூட்டு, தசை ஊஞ்சல். பவளப்பாறையில் நிறம் காட்டித் திரியும் டாம்செல் மீன்களிலும், பசிபிக்கில் குட்டி போடும் சர்ஃப்பெர்ச் மீன்களிலும் இதேதான்.

1840களிலேயே ஜெர்மானிய உடற்கூறியலாளர் ஜொஹானஸ் முல்லர் தொண்டைத் தாடையை வைத்து ஒரு பெரும்பிரிவு அமைத்தார். 1980களின் தொடக்கத்தில் கரேல் லீமும் சக ஆய்வாளர்களும் தசை, மூட்டு என்று ஒவ்வொன்றாக ஒப்பிட்டு, இந்தக் குடும்பங்கள் அனைத்தும் ஒரே மூதாதையின் வாரிசுகள் என்று வாதிட்டார்கள். லாப்ராய்டை என்று பெயர். வாதம் வலுவானது. ஒரு பல் ஒத்துப்போனால் தற்செயல் எனலாம். எலும்பு, மூட்டு, தசை மூன்றும் சேர்ந்து ஒத்துப்போனால்? இவ்வளவு சிக்கலான கோட் இரண்டு இடத்தில் ஒரே மாதிரி இருந்தால் நானும் காப்பி பேஸ்ட் என்றுதான் சொல்வேன்.

2007இல் ஜப்பானிய ஆய்வாளர்கள் மைட்டோகாண்ட்ரியா மரபணுத்தொகுதிகளை முழுசாக ஒப்பிட்டார்கள். ராஸ் ஒரு பக்கம், சிக்லிட் வெகு தூரத்தில் இன்னொரு பக்கம். 2012இல் பீட்டர் வெயின்ரைட் குழு உட்கரு மரபணுக்களை வைத்துப் பார்த்தது, அதே முடிவுதான். சிக்லிட்களும் டாம்செல்களும் சர்ஃப்பெர்ச்களும் ஒரு பெரிய கூட்டத்தில் விழுந்தன. அந்தக் கூட்டத்தில் பறவை மீன், கொக்கு மீன் வகையறாக்களும் உண்டு. ராஸ்கள் அந்தப் பக்கமே இல்லை. தொண்டைத் தாடை ஒருமுறை தோன்றிப் பரம்பரையாக வந்த சொத்து அல்ல. வெவ்வேறு வம்சங்கள் தனித்தனியாகச் சம்பாதித்தது.

இதில் எனக்குப் பிடித்த விஷயம், பழைய மரம் விழுந்ததால் பழைய கேள்வி செத்துவிடவில்லை, கூர்மையாகிவிட்டது. தொண்டைத் தாடை கிடைத்ததால்தான் இந்த மீன்கள் இத்தனை இனங்களாகப் பெருகின என்பது பழைய கருத்து. ஒரே ஒரு முறை நடந்த விஷயத்தை வைத்து காரணம் சொல்வது ஒரே ஒரு நோயாளியை வைத்து மருந்தைப் பாராட்டுவது மாதிரி. பல முறை நடந்திருக்கிறது என்றால் ஒப்பிட்டுப் பார்க்கலாம்.

ஒப்பிட்டதில் இயந்திரத்தின் பாதகமும் தெரிந்தது. அரைக்க உறுதி வேண்டுமென்றால் தொண்டை அகலமாக விரியக்கூடாது. பெரிய இரையை விழுங்க அதிக நேரமாகும். ஆப்பிரிக்காவின் விக்டோரியா ஏரியில் 1950களில் நைல் பெர்ச் என்ற பெரிய மீனைக் கொண்டுவந்து விட்டார்கள். அதற்குத் தொண்டைத் தாடை இப்படி இறுகியதல்ல, லபக்கென்று விழுங்கும். மீன் தின்னும் சிக்லிட்கள் அதனோடு போட்டிபோட முடியாமல் அழிந்ததில் இந்தத் தாடைக்கும் பங்கு உண்டு என்று 2015இல் ஓர் ஆய்வு காட்டியது. பெருக வைத்த அதே கருவி, போட்டியாளன் வந்தபோது கழுத்தில் கல்லாகிவிட்டது.

அலகு வந்த வழி

சரியான மரம் கையில் கிடைத்தபிறகு கிளிமீனின் கதையை வரிசையாகச் சொல்ல முடிகிறது.

இத்தாலியின் மொன்டே போல்காவில், சுமார் 5 கோடி ஆண்டு பழைய சுண்ணாம்புப் பலகைகளில் ராஸ்களின் புதைபடிவங்கள் இருக்கின்றன. ஆக அப்போதே குடும்பம் இருந்தது. கிளிமீன் புதைபடிவம் வெகு பின்னால்தான் கிடைக்கிறது. ஆஸ்திரியாவில், சுமார் 1.4 கோடி ஆண்டு பழைய லைத்தா சுண்ணாம்புக்கல்லில் கலோடோமஸ் பேரினத்தைச் சேர்ந்த ஒன்று. கடலே இல்லாத ஆஸ்திரியாவில் எப்படி என்றால், அன்று அங்கே கடல் இருந்தது.

இன்றும் இருக்கும் கலோடோமஸை உற்றுப் பார்த்தால் அலகு முழுசாக இணைந்திருக்காது. பற்கள் தனித்தனியாகத் தெரியும். கிளிமீன்களில் இரண்டு பெரிய கிளைகள் உண்டு. ஒன்று பெரும்பாலும் கடற்புல்வெளிகளில் மேய்வது. கலோடோமஸ், லெப்டோஸ்காரஸ், ஸ்பாரிசோமா எல்லாம் இதில். இன்னொன்று பவளப்பாறைக் கிளை. ஸ்காரஸ், குளோரூரஸ், போல்போமெடோபான் முதலியவை. இரண்டாவது கிளையில்தான் அலகு இறுகிச் சுரண்டும் கருவி ஆகிறது. குளோரூரஸ் மைக்ரோரைனஸ் என்ற இனத்தின் அலகில் பதினைந்து வரிசையில் சுமார் ஆயிரம் பற்கள். முன்வரிசை தேயத் தேயப் பின்வரிசை வந்துகொண்டே இருக்கும்.

அப்படியென்றால் நல்ல அலகு கிடைத்ததால்தான் இனங்கள் பெருகினவா? 2009இல் வெளியான ஓர் ஆய்வு 252 இனங்களின் மரத்தைக் கட்டி இதைக் கேட்டது. இனப்பெருக்கம் வேகம் பிடித்த புள்ளி அலகோ அம்மியோ மாறிய இடத்தில் இல்லை. அதற்குப் பிறகு, ஸ்காரஸும் குளோரூரஸும் பிரிவதற்கு முந்தைய பொது மூதாதையில் இருந்தது. இன்றைய கிளிமீன்களில் மூன்றில் இரண்டு பங்கு இந்த இரண்டு பேரினங்கள்தான். இவற்றில்தான் ஆண்கள் எல்லை பிடித்துக் காவல் காக்கின்றன, ஆண்-பெண் நிற வேறுபாடு உச்சத்தில் இருக்கிறது. தாடை புதிய தொழிலைத் திறந்துவிட்டது, இனங்களைப் பிரித்ததில் பெரும்பங்கு துணை தேடும் போட்டிக்கு என்பது அவர்கள் கருத்து. பெயர் வைத்தவர்களை நூற்றாண்டுக்கணக்கில் குழப்பிய அந்த நிறங்களே இனங்களை உருவாக்கிய விசையாகவும் இருந்திருக்கின்றன!

உணவு விஷயமும் மாறியிருக்கிறது. கிளிமீன் பாசி தின்னும் சைவம் என்றுதான் பாடம். பாசியைவிட, சுண்ணாம்பின் மேலும் உள்ளும் வாழும் சயனோபாக்டீரியா போன்ற நுண்ணுயிர்கள்தான் இவற்றில் பெரும்பாலானவற்றுக்குக் குறி என்று கெண்டல் கிளெமென்ட்ஸ் குழு 2017 வாக்கில் வாதிட்டது. பாறையை ஏன் உடைக்கவேண்டும் என்பதற்கு இது நல்ல பதில். சாப்பாடு உள்ளே இருக்கிறது.

ராத்திரிப் பழக்கத்திலும் பங்காளித்தனம் தெரியும். சில கிளிமீன்கள் தூங்குமுன் வாயிலிருந்து சளி மாதிரி ஒரு உறை நெய்து, அதற்குள் படுத்துக்கொள்ளும். ரத்தம் குடிக்கும் சின்ன ஒட்டுண்ணிகளிடமிருந்து இது காக்கிறது என்று 2011இல் சோதித்துக் காட்டிய ஆய்வாளர்கள், கட்டுரைத் தலைப்பிலேயே இதைக் கடலின் கொசுவலை என்றார்கள். துப்புரவு ராஸும் இந்தக் கொசுவலைக்குள்தான் தூங்குகிறது.

பெயரை என்ன செய்வது?

இவ்வளவுக்குப் பிறகும் ஸ்காரிடே என்ற பெயர் சாகவில்லை. 2000இலும் 2011இலும் ராண்டாலும் பாவ்லோ பரென்டியும் வெளியிட்ட இனப்பட்டியல்கள் லாப்ரிடே, ஸ்காரிடே என்று இரண்டு குடும்பமாகவே வைத்திருந்தன. ஆனால் 2012இல் கிளிமீன்களின் பரிணாமம் பற்றி வந்த முக்கியமான ஒரு கட்டுரை, தலைப்பிலேயே 'குடும்பம் லாப்ரிடே' என்று போட்டது. 2023இல் வந்த பெரிய மரபணுத்தொகுதி ஆய்வும் இரண்டையும் லாப்ரிடேயில்தான் வைக்கிறது.

பழைய பெயரை வைத்திருப்பவர்களிடம் நியாயம் இல்லாமல் இல்லை. கடலில் கிளிமீன் செய்யும் வேலையை வேறு எந்த ராஸும் செய்வதில்லை. போல்போமெடோபான் என்ற முட்டுத்தலைக் கிளிமீன் ஒன்று மட்டும் ஆண்டுக்கு 5 டன்னுக்கு மேல் பவளச் சுண்ணாம்பை அரைத்துத் தள்ளுகிறது. மாலத்தீவின் வக்காரு தீவைச் சுற்றி புதிதாக உருவாகும் மணலில் 85 சதவீதத்துக்கு மேல் கிளிமீன்கள் உபயம் என்று 2015இல் கணக்கிட்டார்கள். மனிதர்கள் நிற்கும் தரையே இந்த அம்மியில் அரைபட்டு வந்தது. பெலீஸ் நாடு 2009இல் கிளிமீன் பிடிக்கத் தடை போட்டது. சட்டத்துக்குத் தேவை பாறையைச் சுரண்டும் இந்தக் கூட்டத்தை ஒரே சொல்லில் சுட்டுவது. 'லாப்ரிடே' என்று எழுதினால் அதில் எல்லா ராஸும் வந்துவிடும்.

என் கருத்து இது. இங்கே இரண்டு கேள்விகள் ஒரே பெயரைப் பிடித்துத் தொங்குகின்றன. யாருக்குப் பிறந்தாய் என்பது ஒன்று, என்ன வேலை செய்கிறாய் என்பது இன்னொன்று. எங்கள் தொழிலிலும் இன்ஹெரிட்டன்ஸ் வேறு, இன்டர்ஃபேஸ் வேறு. ஒன்றை மற்றதன் இடத்தில் வைத்தால் புரோகிராம் ஓடும், ஆனால் பின்னால் எங்கோ பழிவாங்கும். குடும்பப் பெயர் பிறப்பைச் சொல்லட்டும். அங்கே லாப்ரிடே ஒன்றே போதும், கிளிமீன் அதற்குள் ஒரு கிளை. வேலையைச் சொல்ல 'கிளிமீன்' என்ற நல்ல சொல் ஏற்கனவே இருக்கிறது. சட்டத்திலும் சந்தையிலும் சூழலியலிலும் அது தாராளமாக இருக்கலாம். கேரளத்துக்குப் போகும்போது மட்டும் எந்தக் கிளிமீன் என்று ஒருதரம் கேட்டுக்கொள்ள வேண்டும்.

அடுத்த பதிவில் துப்புரவு ராஸ்களைப் பற்றி எழுத உத்தேசம். மற்ற மீன்களின் ஒட்டுண்ணியைத் தின்னும் தொழில் ராஸ் மரத்தில் எந்தெந்தக் கிளையில் முளைத்தது என்பதும் இதே மாதிரி ஒரு பங்காளிக் கணக்குதான்.